பரணில் கிடக்கும் காஞ்சி
பழைய பிலிம் சுருளும் வீடியோ கேசட்டும் கிடைத்தால் செய்ய வேண்டியவை

ஏ.கே. செட்டியார் 1937 தொடங்கி மூன்று ஆண்டுகள், ஏறத்தாழ ஒரு லட்சம் மைல் பயணம் செய்து, காந்தியைப் பற்றிய 50,000 அடி பிலிமைத் திரட்டினார். அதிலிருந்து 12,000 அடியைத் தொகுத்து 1940 ஆகஸ்டில் தமிழில் வெளியிட்டார். அந்தத் தமிழ்ப் பிரதி இன்று நம்மிடம் இல்லை. பிற்பாடு அமெரிக்காவில் உருவான ஆங்கில வடிவத்தின் பிரதியைத்தான் ஆய்வாளர் ஆ.இரா. வேங்கடாசலபதி சான் பிரான்சிஸ்கோ மாநிலப் பல்கலைக்கழகத்தில் தேடிக் கண்டெடுத்தார். கதைப்படங்களின் நிலையும் இதுதான். ஆர். நடராஜ முதலியார் சென்னையில் எடுத்த முதல் தென்னிந்திய ஊமைப்படம் 'கீசக வதம்' போய்விட்டது. 1931இல் வந்த 'காளிதாஸ்' படமும் போய்விட்டது.

நாடறிந்த மனிதர்கள் பணமும் உழைப்பும் கொட்டி எடுத்த படங்களுக்கே இந்தக் கதி என்றால், காஞ்சிபுரத்துப் பிள்ளையார்பாளையத் தெருவில் நெசவுக்குப் பாவு நீட்டியிருப்பதை யாரோ ஒருவர் எட்டு மில்லிமீட்டர் கேமராவில் மூன்று நிமிடம் பிடித்துவைத்திருந்தால், அதற்கு யார் பொறுப்பு? அந்தச் சுருள் யாருடைய பரணில் இருக்கிறதோ அவர்தான். இந்த அத்தியாயம் அவருக்காக எழுதியது.

ஒன்றை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பிலிமைக் கெடாமல் வைப்பது பாதி வேலை. அதில் தெரிபவர் யார், எந்தத் தெரு, எந்த ஆண்டு, கை என்ன செய்துகொண்டிருக்கிறது என்று சொல்லத் தெரிந்தவரை உட்காரவைத்துக் கேட்டு எழுதிக்கொள்வது மறுபாதி. நல்ல முறையில் வைத்தால் சுருள் இன்னும் பல பத்தாண்டுகள் தாங்கும். எண்பது வயது நெசவாளரின் நினைவை அப்படி எடுத்துவைக்க வழியில்லை. அதனால் அந்த மறுபாதிக்குத்தான் இங்கே அதிக இடம் கொடுத்திருக்கிறேன்.

எங்கே தேடுவது

சொந்தமாக மூவி கேமரா வைத்திருந்தவர்கள் 1960களிலும் 70களிலும் வசதியுள்ள டாக்டர்கள், வக்கீல்கள், பட்டு வியாபாரக் குடும்பங்கள். அந்த வீடுகளில் கேளுங்கள். அடுத்தது காந்தி ரோடு பக்கத்துப் பழைய ஸ்டூடியோக்கள். கடையை மூடியவர்களின் வீட்டில்தான் மிச்சம் இருக்கும். கூட்டுறவுப் பட்டுச் சங்கங்களின் பழைய பொருள் அறை, திரையரங்கில் காட்ட விளம்பரப் படம் எடுத்த ஜவுளிக்கடைகள், அண்ணா காலத்துக் கட்சிக்காரர்களின் குடும்பங்கள், காஞ்சி மகாபெரியவரின் யாத்திரைகளோடு கூடவே போன பக்தர்களின் வீடுகள் எல்லாம் பட்டியலில் இருக்கட்டும்.

கலைஞர்களின் வீடுகளைத் தனியாகக் குறித்துக்கொள்ளுங்கள். 1925இல் ஏழு வயது பாலசரஸ்வதியின் பரதநாட்டிய அரங்கேற்றம் நடந்தது காஞ்சிபுரத்து அம்மன் கோயிலில். சத்யஜித் ராய் அவரைப் பற்றி 'பாலா' என்ற படத்தை எடுத்தது 1976இல், அப்போது அவருக்கு 58 வயது. இடைப்பட்ட அரை நூற்றாண்டு ஆட்டத்தில் அசையும் படமாக மிஞ்சியது மிகக் கொஞ்சம். நட்டுவனார், நாதஸ்வரக்காரர், கூத்துக்காரர் குடும்பங்களில் ஒரு நிமிடத் துண்டு கிடைத்தாலும் அது பெரிய செல்வம். கூத்தைப் பொறுத்தவரை ஒரு நல்ல முன்மாதிரி அருகிலேயே இருக்கிறது: காஞ்சிபுரத்தை அடுத்த புஞ்சரசந்தாங்கல் கிராமத்தில் பெ. ராஜகோபாலும் ஹன்னே டி புருயினும் வளர்த்த கட்டைக்கூத்துச் சங்கம்.

கல்யாணக் கேசட்டை யாரும் பொருட்டாக மதிப்பதில்லை. எனக்கு அதுதான் மிகப் பெரிய வருத்தம். 1980களின் நடுவிலிருந்து 2000 வரை இந்த ஊரில் எடுத்த வி.எச்.எஸ். கல்யாண வீடியோக்களைப் போல நாள் குறிப்போடு கிடைக்கும் பட்டுச்சேலைப் பதிவு வேறெதுவும் இல்லை. முகூர்த்தச் சேலையின் கரை எவ்வளவு அகலம், முந்தியில் என்ன உரு, சம்பந்தி வீட்டார் என்ன கட்டினார்கள் என்று கேமராக்காரர் ஒவ்வொருவராக நிறுத்தி நிதானமாக எடுத்திருப்பார். தேதி அழைப்பிதழிலேயே அச்சாகியிருக்கிறது. இடிபட்டுப்போன ஓட்டு வீடும், திண்ணையும், கூடத்துத் தறியும் பின்னணியில் தாமாக வந்து விழுந்திருக்கும்.

கையில் எடுத்ததும்

டப்பாவைத் திறந்து முதலில் முகர்ந்து பாருங்கள். புளித்த காடி நாற்றம் அடித்தால் அது அசிடேட் பிலிம், சிதையத் தொடங்கிவிட்டது என்று பொருள். அந்த அமில வாடை பக்கத்துச் சுருளையும் கெடுக்கும். உடனே தனியாகப் பிரித்து வையுங்கள். 21 டிகிரி வெப்பம், 50 சதவீத ஈரப்பதம் உள்ள அறையில் புதிய அசிடேட் பிலிம் இந்த நிலையை அடைய நாற்பது, ஐம்பது ஆண்டு ஆகும் என்பது ஆய்வகக் கணக்கு. சித்திரை வெயிலில் காயும் காஞ்சிபுரத்து மொட்டைமாடி அறைக்கு அந்தக் கணக்கு பொருந்தாது.

அடுத்து அகலத்தை அளந்து பாருங்கள். 8, 9.5, 16, 35 மில்லிமீட்டர் என நான்கில் ஒன்றாக இருக்கும். 9.5இல் பல் துளை நடுவில் இருக்கும், மற்றவற்றில் ஓரத்தில். 35 மில்லிமீட்டராக இருந்து, 1951க்கு முந்தையதாக இருக்கலாம் என்று பட்டால், ஓரத்தில் 'சேஃப்டி' என்ற ஆங்கில எழுத்து அச்சாகியிருக்கிறதா என்று பாருங்கள். இல்லையென்றால் அது நைட்ரேட்டாக இருக்கக்கூடும். நைட்ரேட் தீப்பிடித்தால் தண்ணீர் ஊற்றி அணைக்க முடியாது, தண்ணீருக்கடியிலும் எரியும். 2003 ஜனவரியில் புனேயில் தேசியத் திரைப்படக் காப்பகத்தின் நைட்ரேட் கிடங்கு எரிந்து, ஆயிரக்கணக்கான ரீல்கள் ஒரே நாளில் சாம்பலாயின. அப்படிப்பட்ட சுருளை வீட்டுக்குள் வைக்காதீர்கள், கூரியரில் அனுப்பாதீர்கள். காப்பகத்தைத் தொடர்புகொண்டு அவர்கள் சொல்கிறபடி செய்யுங்கள். 8, 16 மில்லிமீட்டர் வீட்டுச் சுருள்களுக்கு இந்தப் பயம் வேண்டாம்.

எதுவாக இருந்தாலும், ஆசை தாங்காமல் பழைய புரொஜெக்டரில் மாட்டி ஓட்டிவிடாதீர்கள். பிலிம் வயதாக ஆகச் சுருங்கும். துளை பல்லில் பொருந்தாமல் கிழியும், விளக்குச் சூட்டில் பொசுங்கும். தண்ணீர், ஸ்பிரிட், தேங்காய் எண்ணெய் எதுவும் படக்கூடாது. கையைக் கழுவி நன்றாகக் காயவைத்து, ஓரத்தை மட்டும் பிடித்து, முதல் சில அடிகளை வெளிச்சத்துக்கு எதிரே காட்டிப் பார்த்தால் போதும். டப்பாமேல் எழுதியிருப்பதையும், உள்ளே கிடக்கும் பில்லையும், துண்டுச் சீட்டையும் கைப்பேசியில் படமெடுத்துக்கொள்ளுங்கள். துருப்பிடித்த டப்பாவை மாற்றலாம், அதன் மேலிருக்கும் சீட்டைத் தூக்கி எறியக் கூடாது.

வைக்கும் இடம் தரைத்தளத்து உள்ளறையாக, தரையிலிருந்து உயரமாக, வெயிலும் மழைச்சாரலும் படாததாக இருக்கட்டும். பரண் வேண்டாம், விளக்குப் புகை படியும் பூஜை அறை வேண்டாம், அந்துருண்டை கட்டாயம் வேண்டாம். காடி நாற்றம் வந்துவிட்ட சுருளை இரண்டு ஜிப் பைக்குள் காற்றில்லாமல் மூடி ஃபிரிட்ஜில் வைத்தால் சிதைவு பெரிதும் மட்டுப்படும். வெளியே எடுக்கும்போது பையைத் திறக்காமல் ஒரு நாள் முழுக்க அறையிலேயே விடுங்கள். இல்லாவிட்டால் பிலிமின்மேல் நீர் கோத்துக்கொள்ளும்.

கேசட்டுக்கு அவசரம் இன்னும் அதிகம். காந்த நாடா பிலிமைவிடச் சீக்கிரம் கெடும், அதை ஓட்டும் இயந்திரமும் இல்லாமல் போய்க்கொண்டிருக்கிறது. உலகில் கடைசியாக வி.சி.ஆர். செய்துவந்த ஜப்பானின் ஃபுனாய் நிறுவனம் 2016 ஜூலையில் உற்பத்தியை நிறுத்தியது. நாடாவில் இருப்பதை 2025க்குள் மாற்றியாக வேண்டும் என்று ஆஸ்திரேலியாவின் தேசியத் திரைப்பட, ஒலிக் காப்பகம் பத்தாண்டுக்கு முன்பே எச்சரித்தது. பணம் ஒன்றுக்குத்தான் இருக்கிறது என்றால் கேசட்டை முதலில் நகலெடுங்கள். கண்ணாடி வழியாக நாடாவில் வெள்ளைப் பூசணம் தெரிந்தால் பிளேயரில் போடாதீர்கள், பூசணம் அடுத்த கேசட்டுக்கும் தொற்றும். பின்பக்க ஓரத்தில் உள்ள சிறு பிளாஸ்டிக் தகட்டை உடைத்துவிட்டால் யாரும் தவறிப்போய் மேலே பதிவுசெய்ய முடியாது.

லேபில் என்ன கேட்பது

பிலிம் ஸ்கேனிங் தெரிந்தவர்கள் சென்னையிலேயே இருக்கிறார்கள். பழைய படங்களைச் சீரமைப்பதில் பிரசாத் நிறுவனம் உலக அளவில் பெயர் பெற்றது. யாரிடம் கொடுத்தாலும் கேட்க வேண்டியவை இவை. சுவரில் ஓட்டி அதைக் கேமராவில் பிடிக்கும் வேலை கூடாது, ஒவ்வொரு கட்டமாக ஸ்கேன் செய்ய வேண்டும். 8, 16 மில்லிமீட்டருக்கு 2கே அளவு வேண்டும். கட்டத்தின் விளிம்பும் பல் துளையும் தெரியும்படி முழு அகலமும் வர வேண்டும், ஏனென்றால் பிலிம் தயாரான ஆண்டைச் சொல்லும் குறிகள் விளிம்பில்தான் இருக்கும். புரோரெஸ் அல்லது எஃப்எஃப்வி1 வடிவில் ஒரு மூலக் கோப்பு, பார்ப்பதற்கு எம்பி4 ஒன்று. முக்கியமாக, அசல் சுருள் திரும்பி வர வேண்டும். ஸ்கேன் ஆகிவிட்டதே என்று அசலைக் குப்பையில் போட்டவர்கள் ஏராளம். நாளைக்கு இன்னும் நல்ல ஸ்கேனர் வரும், அப்போது எடுக்க அசல் வேண்டாமா?

மூலக் கோப்பில் நிறத்தைத் திருத்தவோ, செயற்கை நுண்ணறிவு வைத்துத் 'தெளிவாக்கவோ' சம்மதிக்காதீர்கள். கறுப்பு வெள்ளைக்கு வண்ணம் பூசும் மென்பொருள்கள் இப்போது மலிவாகக் கிடைக்கின்றன. வேறு ஊரில் அது விளையாட்டாக இருக்கலாம். பட்டு நெய்யும் ஊரில் நிறம்தான் வரலாறு. எம்.எஸ். சுப்புலட்சுமியின் பெயரால் எம்.எஸ். நீலம் என்று ஒரு நிறமே இருக்கிறது. கறுப்பு வெள்ளையில் தெரியும் ஒரு சேலை அந்த நீலமா, அரக்கா, மயில் கழுத்தா என்று மென்பொருளுக்கு எப்படித் தெரியும்? அது ஊகித்துப் பூசிய நிறத்தை முப்பதாண்டு கழித்து ஒருவர் சான்றாக எடுத்துக்கொள்வார். வண்ணப் பிலிமிலும் கவனம் தேவை. பல பழைய வண்ணப் பிரதிகளில் நீலமும் பச்சையும் மங்கி, படம் முழுவதும் சிவந்துபோயிருக்கும். நிறத்தைத் தெரிந்தவரிடம் கேட்டு எழுதுங்கள், படத்தில் ஏற்றாதீர்கள்.

பார்த்துச் சொல்ல ஆள்

லண்டனில் உள்ள பிரிட்டிஷ் திரைப்படக் கழகத்தின் சேகரிப்பில் 1899இல் எடுத்த ஒரு படம் இருக்கிறது. படகிலிருந்து பார்க்கும் ஆற்றங்கரைக் காட்சி. தலைப்பு 'பனோரமா ஆஃப் கல்கத்தா'. உள்ளே இருப்பது காசியின் படித்துறைகள். உலகின் பெரிய காப்பகங்களில் ஒன்றில், இந்தியாவில் எடுத்த மிகப் பழைய படங்களில் ஒன்றுக்கே ஊர்ப் பெயர் மாறியிருக்கிறது. நம் வீட்டுச் சுருளுக்குப் பெயரே இல்லை.

ஆகவே எம்பி4 கைக்கு வந்ததும் அதை யூடியூபில் ஏற்றும் முன் செய்ய வேண்டிய வேலை ஒன்று உண்டு. விஷயம் தெரிந்த இரண்டு மூன்று பெரியவர்களை ஒன்றாக உட்காரவையுங்கள். தனியாகக் கேட்டால் ஒருவர் மறப்பதை, கூட இருக்கும் இன்னொருவர் எடுத்துக்கொடுப்பார். பெரிய டி.வி.யில், சத்தமில்லாமல், படத்தை நிறுத்தி நிறுத்திக் காட்டுங்கள். கைப்பேசியின் ரெக்கார்டர் ஓடிக்கொண்டே இருக்கட்டும். திரையில் ஓடும் நிமிடத்தையும் நொடியையும் நீங்கள் வாய்விட்டுச் சொல்லிக்கொண்டே வந்தால், அவர்கள் பேச்சைப் பின்னால் படத்தோடு பொருத்த முடியும்.

தறிக் காட்சியில் கேட்பதற்கு நிறைய இருக்கிறது. குழித்தறியா, மேடைத்தறியா? எத்தனை நாடா (ஊடு நூலைக் கொண்டுபோகும் ஓடம்) ஓடுகிறது? கோர்வைச் சேலையில் உடலுக்கு ஒன்று, இரு கரைக்கும் ஒவ்வொன்று என மூன்று நாடா. நெய்பவர் ஒரு பக்கம் இருக்க, மறுபக்கத்து நாடாவை வாங்கிப் போட இன்னொருவர் வேண்டும். உடலும் முந்தியும் வேறு நிறமானால் பாவு இழைகளைப் பிணைத்து நிறம் மாற்றும் பெட்னி வேலை வரும். அது படத்தில் இருந்தால் முழுக்கக் குறித்துக்கொள்ளுங்கள், ஏனென்றால் அந்த வேலை தெரிந்தவர்கள் குறைந்துகொண்டே வருகிறார்கள். தறிமேல் ஜக்கார்டு பெட்டியும் அட்டைகளும் தெரிகின்றனவா, அல்லது ஜக்கார்டுக்கு முந்தைய அடை முறைக் கயிறுகளா? அடைக் கயிறு இழுப்பது அசையும் படமாகக் கிடைத்தால், அந்தச் சுருளை நெசவாளர் சேவை மையத்துக்கு உடனே தெரியப்படுத்துங்கள். ஒரு கையின் வேகத்தையும், நாடா போய் வரும் தாளத்தையும், மிதி அழுந்தும் வரிசையையும் எந்தப் புத்தகமும் புகைப்படமும் காட்டாது. தெரிந்தவர் அதைப் பார்த்த மாத்திரத்தில் இது இன்னார் கை என்று சொல்லிவிடுவார்.

அந்த மூன்றாவது நாடாவைப் போடுவது பழைய படங்களில் பெரும்பாலும் சிறுவனாக இருப்பான். அதைப் பார்த்துச் சங்கடப்பட்டு வெட்ட நினைக்காதீர்கள். பட்டுத் தறிகளில் குழந்தைகள் உழைத்ததும், பிறகு அதற்கு எதிராக இயக்கங்கள் நடந்ததும் இந்த ஊரின் வரலாறு. அந்தச் சிறுவன் இன்று அறுபது வயதுக்காரராக அடுத்த தெருவில் இருக்கலாம். அவரைக் கண்டுபிடித்தால் உங்கள் மூன்று நிமிடப் படத்துக்கு அவரைவிடச் சிறந்த சாட்சி கிடையாது. அவர் சம்மதித்தால் மட்டும் பெயரை எழுதுங்கள்.

ஆண்டு தெரியாவிட்டால் படமே துப்புக் கொடுக்கும். சுவரில் சினிமா போஸ்டர் இருந்தால் ஆண்டு ஏறக்குறைய கிடைத்துவிட்டது. வண்டி எண் 'டிஎன்' என்று தொடங்கினால் 1980களின் முடிவுக்குப் பிற்பட்டது. திருவிழாவாக இருந்தால் பஞ்சாங்கம் துணைக்கு வரும்: வரதராஜப் பெருமாள் கருட சேவை வைகாசிப் பிரமோற்சவத்தின் மூன்றாம் நாள், நடவாவி உற்சவம் சித்ரா பௌர்ணமி, ஏகாம்பரநாதர் உற்சவம் பங்குனி. பாலாற்றில் தண்ணீர் ஓடுகிறதா என்று பாருங்கள். பெரியவர்கள் அதை வைத்தே ஆண்டைச் சொல்வார்கள். எழுதும்போது எப்படித் தெரிந்தது என்பதையும் சேர்த்து எழுத வேண்டும். 'அழைப்பிதழ்படி 1974' என்பதும் 'போஸ்டரை வைத்து 1974' என்பதும் 'தாத்தா சொன்னது 1974' என்பதும் மூன்று வேறு தகவல்கள்.

கோயில் காட்சிகளில் இந்த நேர்மை இரட்டிப்பாக வேண்டும். யார் முன்னால் போவது, யார் எதைப் பாடுவது என்ற வழக்கங்கள் காஞ்சியில் தலைமுறை தலைமுறையாக நீதிமன்றம் ஏறியவை. வடகலை, தென்கலைப் பூசலை அறியாதவர் இந்த ஊரில் இல்லை. தேதியோடு உள்ள ஓர் ஊர்வலப் படம் அப்படிப்பட்ட வழக்கில் சான்றாகப் பேசப்படலாம். ஒரு தரப்புக்காகத் துண்டை வெட்டுவதும், தேதியை ஊகித்து உறுதிபோல எழுதுவதும் பெரும் தவறு. மூலவர் சந்நிதி உள்ளே எடுத்த காட்சி ஏதேனும் இருந்தால் அழிக்க வேண்டாம், பொதுவில் வெளியிடவும் வேண்டாம். தனியாக வைத்து, கோயில் நிர்வாகத்தைக் கலந்துகொள்ளுங்கள்.

எங்கே சேர்ப்பது

கோப்புகள் மூன்று பிரதி இருக்கட்டும்: வெவ்வேறு கம்பெனி ஹார்டு டிஸ்க்கில் இரண்டு, மூன்றாவது வேறு ஊரில் உறவினர் வீட்டில். ஆண்டுக்கு ஒருமுறை போட்டுப் பாருங்கள், ஐந்தாறு ஆண்டுக்கு ஒருமுறை புது டிஸ்க்குக்கு மாற்றுங்கள். 2000களில் சி.டி.யிலும் டி.வி.டி.யிலும் மாற்றிக்கொடுத்தவற்றை நம்பாதீர்கள், அவை இப்போது படிக்காமல் போகத் தொடங்கிவிட்டன. படத்தோடு பெரியவர்கள் பேசிய ஒலிப்பதிவும், குறிப்புத் தாளும் ஒரே உறையில் ஒரே பெயரில் இருக்க வேண்டும். பிரிந்தால் இரண்டும் அநாதை.

அசலை வீட்டில் காக்க முடியாதவர்கள் புனே தேசியத் திரைப்படக் காப்பகத்தை அணுகலாம். 1964இல் தொடங்கி, பி.கே. நாயர் என்ற தனிமனிதரின் பிடிவாதத்தால் வளர்ந்த நிறுவனம் அது. 2022 முதல் தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகத்தின்கீழ் இயங்குகிறது. மும்பையின் ஃபிலிம் ஹெரிடேஜ் ஃபவுண்டேஷன் 2017இல் சென்னையிலேயே பயிற்சிப் பட்டறை நடத்தியது. கற்றுக்கொள்ள விரும்பும் இளைஞர்கள் அவர்களுக்கு எழுதலாம். எங்கே கொடுத்தாலும் எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள்: அசலின் உரிமை யாருக்கு, யார் பார்க்கலாம், உங்களுக்கு ஸ்கேன் பிரதி எப்போது வரும். பதிப்புரிமைச் சட்டப்படி திரைப்படத்துக்கு வெளியான ஆண்டின் முடிவிலிருந்து 60 ஆண்டுகள் உரிமை உண்டு. கடை விளம்பரப் படமோ, ஸ்டூடியோ எடுத்த படமோ உங்கள் வீட்டில் இருக்கிறது என்பதாலேயே அது உங்களுடையதாகிவிடாது. கல்யாண வீடியோவை வெளியே கொடுக்கும் முன் மணமக்களைக் கேளுங்கள்.

இன்றைய படங்களும் இந்தக் கணக்கில் சேரும். 2019 ஜூலை 1 முதல் ஆகஸ்ட் 16 வரை, வரதராஜப் பெருமாள் கோயிலின் அனந்தசரஸ் குளத்திலிருந்து எழுந்தருளிய அத்திவரதர் 47 நாள் காட்சி தந்தார். வரிசையையும், பந்தலையும், மக்கள் வெள்ளம் புரண்ட தெருக்களையும் கைப்பேசியில் எடுத்தவர்கள் லட்சக்கணக்கானோர். அந்தக் கைப்பேசிகளில் பலவும் இப்போது உடைந்த கண்ணாடியோடு மேசை இழுப்பறையில் கிடக்கின்றன. வாட்ஸ்அப்பில் சுற்றியது சுருங்கிப்போன நகல். அசல் அந்த இழுப்பறையில்தான். அடுத்த எழுந்தருளல் 2059இல். கைப்பேசியைச் சார்ஜ் போட்டு, கோப்புகளை எடுத்து, நாளும் இடமும் எழுதி வையுங்கள். முந்தைய எழுந்தருளலை 1979இல் நேரில் பார்த்தவர் யாராவது உங்கள் வீட்டில் இருந்தால் இந்த வாரமே அவர் பக்கத்தில் உட்கார்ந்து, ரெக்கார்டரைப் போட்டு, அன்று பார்த்ததைச் சொல்லச் சொல்லுங்கள்.